ரம்லத் பெரியம்மாவின் பால்மகன்

எங்கள் ரம்லத் பெரியம்மாவை நல்லவள் என்று நான் சொல்லப்போவதில்லை. அதைச் சொல்லக் கொச்சி மட்டாஞ்சேரியில் ஆளுக்குக் குறைவில்லை. ஹஜ்ஜு முடித்து வந்த பிறகு ஒருவர் விடாமல் சொன்னார்கள். போவதற்கு முன்னால் இதே வாய்கள் என்னென்ன பேசின என்று எனக்குத் தெரியும். அந்தக் கோபத்தில்தான் இதை எழுத உட்கார்ந்தேன். கோபத்தை மறைத்து வைத்து என்ன ஆகப்போகிறது?

முதலில் உறவைச் சொல்லிவிடுகிறேன். என் அத்தா பிச்சை ராவுத்தருக்கு இரண்டு மனைவிகள். மூத்தவள் ரம்லத். அவளுக்குப் பிறந்த ஒரே பிள்ளை நாற்பது நாள் கழியும் முன்பே போய்விட்டது. பிறகு அவள் வயிறு திறக்கவில்லை என்று அத்தா பாலக்காட்டிலிருந்து என் அம்மாவை நிக்காஹ் செய்து கூட்டி வந்தார். அம்மாவுக்கு நான் ஒருத்தி, சகீலா. என் அம்மா வாயில் ஈ போனால்கூடப் பேசாமல் இருக்கிற சாது. பெரியம்மா அதற்கு நேர் எதிர். பஜார் ரோட்டுக் கிடங்குகளில் சுக்குப் புடைக்கிற பெண்களுக்கு அவள்தான் மேஸ்திரி. வெற்றிலைச் சிவப்பில் வாயைத் திறந்தாள் என்றால் கிடங்கு முதலாளியே கணக்குப்பிள்ளை மேஜைக்குப் பின்னால் போய் நின்றுகொள்வார்.

அத்தா மௌத்தானது ஐம்பத்தெட்டாம் வருஷம். புருஷனை இழந்தவள் வீட்டுக்குள்ளேயே இருக்கிற இத்தா நாள்கள் முடிந்து வெளியே வந்த அன்றே பெரியம்மா சொல்லிவிட்டாள், ஹஜ்ஜுக்குப் போகப்போகிறேன் என்று. நிக்காஹின்போது அத்தா மஹராக அவளுக்கு எழுதிக் கொடுத்த பாலக்காட்டு நிலத்தை விற்றாள். பணம் முழுதும் கைக்கு வர இரண்டு வருஷம் ஆயிற்று. உடம்பில் தெம்பும் இருந்தது. இல்லாதது ஒரு ஆம்பளை மட்டும்தான்.

நாங்கள் ராவுத்தர்கள், ஹனபி மத்ஹபு என்ற சட்டப் பிரிவு. எங்கள் சட்டப்படி ஒரு பெண் அவ்வளவு தூரம் பயணம் போக மஹ்ரம் வேண்டும். மஹ்ரம் என்றால் அவள் எந்தக் காலத்திலும் கல்யாணம் செய்துகொள்ள முடியாத உறவுக்கார ஆண். தகப்பன், மகன், கூடப்பிறந்தவன், அந்த வகை. புருஷன் இருந்தால் அவனே போதும். பெரியம்மாவுக்குப் புருஷன் கபரில். தகப்பன் எப்போதோ போயாயிற்று. அண்ணன் ஒருவன் மலேயாவுக்குப் போனவன் போனவன்தான். பக்கத்துத் தெரு மலையாளத்து முஸ்லிம்கள் ஷாபி மத்ஹபு. நம்பகமான பெண்கள் கூட்டமாகப் போனால் அவர்களுக்குப் போதும். 'எங்க கூட வந்திடு இத்தாத்தா' என்று அவர்கள் கூப்பிடவும் செய்தார்கள். 'பஸ்ஸு மாறற மாதிரி மத்ஹபு மாற எனக்குத் தெரியாது' என்றுவிட்டாள் இவள்.

இனி அலாவுதீன் பெரியத்தா. என் அத்தாவின் அண்ணன். எங்கள் பள்ளிவாசலுக்கு முத்தவல்லி, நிர்வாகத் தலைவர். துறைமுகத்தில் மூப்பன், அதாவது கப்பலில் மூட்டை இறக்க ஆள் எடுப்பவர். அந்தக் காலத்தில் ஆள் எடுக்கிற லட்சணத்தைச் சொல்ல வேண்டும். 'சாப்பா' என்று ஒரு தகரவில்லை. அது கையில் இருந்தால்தான் அன்றைக்கு வேலை. காலையில் நூற்றுக்கணக்கான ஆம்பளைகள் கூடி நிற்பார்கள். மூப்பன் வில்லைகளை அள்ளிக் கூட்டத்துக்கு நடுவில் வீசுவார். அடித்துப் பிடித்து, மண்ணில் புரண்டு, கையில் கிடைத்தவன் வேலைக்குப் போவான். அப்படி வீசிய கையோடு வந்துதான் பெரியத்தா பள்ளியில் முதல் வரிசையில் நிற்பார்.

அவர் எங்கள் வீட்டுக்கு வந்து நாற்காலியில் உட்கார்ந்தார்.

"ரம்லத்து, மஹ்ரம் இல்லாத பொம்பளைக்கு ஹஜ்ஜு கடமையே இல்ல. படச்சோனே விட்டுக் கொடுத்திருக்கான். நீ என்னத்துக்குக் கெடந்து துள்றே? வீட்ல இருந்து தஸ்பீஹ் மணி உருட்டு."

"விட்டுக் கொடுத்தது அவன் கருணை மூத்த மச்சான். போகணும்னு நெனக்கறது என் ஆசை. ரெண்டுக்கும் நடுவுல நீங்க எதுக்கு?"

பெரியத்தா கோபப்படவில்லை. அடுத்த வாரம் ஒரு யோசனையோடு வந்தார். பாலக்காட்டில் ஒரு ஜவுளிக்கடைக்காரர், மனைவி இறந்தவர், இந்த வருஷம் ஹஜ்ஜுக்குப் போகிறார். கண் சரியாகத் தெரியாது. கஞ்சி வைத்துக் கொடுக்கவும் கையைப் பிடித்து நடத்தவும் ஆள் வேண்டும். ஒரு நிக்காஹ் முடித்துவிட்டால் அவரே துணை. திரும்பி வந்து பிடிக்கவில்லை என்றால் முறித்துக்கொள்ளலாம். ஊரில் நாலு பேர் செய்வதுதான், வெட்கப்பட ஒன்றுமில்லை.

"எனக்குக் கஅபாவைப் பார்க்கணும்னு சொன்னேன்" என்றாள் பெரியம்மா. "கிழவரோட கஞ்சிச்சட்டியைப் பார்க்கணும்னு எப்பச் சொன்னேன்? முறிக்கறதுக்குன்னே ஒரு நிக்காஹைப் பண்ணிட்டு, அங்க போய் எந்த மூஞ்சியோட நிக்கறது? அந்த மனுஷனுக்கு ஒரு சமையக்காரனைப் பார்த்துக் கொடுங்க. நல்லா இருப்பார்."

பெரியத்தா எழுந்துகொண்டார். "அப்ப உனக்கு இந்த ஜென்மத்துல ஹஜ்ஜு இல்ல. என் வாயால ஜமாத்து சம்மதம் வராது" என்று சொல்லிச் செருப்பை மாட்டினார். முத்தவல்லி ஒப்புக்கொண்டு சொல்லாமல் எங்கள் பள்ளியிலிருந்து யாரும் ஹஜ்ஜுக்கு மனுப் போட்டதில்லை.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்து ஆம்பளைகள் வெளியே வரும் நேரம். பெரியம்மா பள்ளிவாசல் கேட்டுக்கு வெளியே, தெருவில், வெயிலில் போய் நின்றாள். பக்கத்தில் என் அம்மா முக்காட்டை இழுத்து மூடிக்கொண்டு நின்றாள். தொழுகை நடத்துகிற ஹஜ்ரத் வெளியே வந்ததும் பெரியம்மா ஸலாம் சொல்லி, எல்லார் காதிலும் விழுகிற குரலில் சொன்னாள்:

"ஹஜ்ரத், எனக்கு மஹ்ரம் இருக்கான். என் மகன் பரீத்."

கூட்டத்தில் ஒரு சிரிப்பு ஓடியது. பெரியத்தா, "எந்தக் காலத்துல நீ பரீதைப் பெத்தே?" என்றார்.

"பெக்கலை. பால் கொடுத்தேன். உங்களுக்கு மறந்துபோச்சா மச்சான்? அன்னைக்கு இதே எடத்துல நின்னுதானே நீங்க எல்லார்கிட்டயும் சொன்னீங்க, அவன் ரம்லத்தோட பால்மகன்னு?"

சிரிப்பு நின்றது. ஏன் நின்றது என்பதற்கு என் கதையைச் சொல்லியாக வேண்டும். எனக்கும் அதைச் சொல்ல ஆசைதான், வயிற்றெரிச்சல் இன்னும் ஆறவில்லை.

பெரியம்மாவின் பிள்ளை இறந்த அதே வாரம் எதிர்வீட்டில் ஒரு பிள்ளை பிறந்தது. தாய்க்கு ஜன்னி கண்டு நினைவில்லை. பிள்ளை கத்திக்கொண்டே கிடந்தது. பெரியம்மா போய் எடுத்து மடியில் போட்டுக்கொண்டாள். அந்தத் தாய் எழுந்து உட்காரும் வரை இவள் பால்தான். அந்தப் பிள்ளை பரீத். அதற்கெல்லாம் சில வருஷம் கழித்துத்தான் என் அம்மா இந்த வீட்டுக்கு வந்தாள், நான் பிறந்தேன். நானும் பரீதும் ஒரே சந்தில் வளர்ந்தோம். எனக்குப் பதினேழு வயதில் அவனுக்கு என்னைக் கேட்டு வந்தார்கள். அத்தாவுக்குச் சந்தோஷம். எனக்கு எப்படி இருந்தது என்று கேட்காதீர்கள். எங்கள் மார்க்கத்தில் பால் கொடுத்தவளும் தாய்தான், அவள் பெற்ற பிள்ளைகளைக் கட்டக்கூடாது. நான் ரம்லத் வயிற்றுப் பிள்ளை இல்லை, அதனால் பால் உறவு எனக்கு ஒட்டாது என்று எல்லோரும் நினைத்தார்கள். அத்தா, பெரியம்மா, பரீத் வீட்டார் ஒருவருக்கும் சந்தேகம் வரவில்லை.

பரீத் அப்போது துறைமுகத்தில் மூட்டை சுமந்தான். சாப்பா வீசுவதை நிறுத்து என்று கொடி பிடித்தவர்களில் முன்னால் நின்றவன். அவன் மூப்பனின் தம்பிக்கு மருமகன் ஆவதா? பெரியத்தா எங்கேயோ தோண்டித் துருவி, நிக்காஹ் நாளன்று பள்ளிவாசலில் வைத்தே கேட்டார்: பாலில் புருஷனுக்கும் பங்கு உண்டா இல்லையா? ஹஜ்ரத் கிதாபைத் திறந்து பார்த்தார். உண்டு. எந்தப் பெண் பால் கொடுத்தாளோ அவள் புருஷனும் அந்தப் பிள்ளைக்குத் தகப்பன். அவனுடைய வேறு மனைவி பெற்ற மக்களும் அதற்கு உடன்பிறப்பு. பரீத் எனக்கு அண்ணன். ஒரு மிடறு குடித்திருந்தாலும் போதும்.

ஆனால் குடித்தானா என்று சாட்சி வேண்டுமே. பரீதின் தாய் இறந்துவிட்டிருந்தாள். இருந்த மற்றவர்கள், கேள்விப்பட்டோம் என்றார்கள். பெரியம்மாவைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். 'இல்லை' என்று ஒரே வார்த்தை சொல்லியிருந்தால் நான் அன்று பரீதின் மனைவி. இவள் தலையை நிமிர்த்திக்கொண்டு, 'கொடுத்தேன். வயிறு நெறயக் கொடுத்தேன்' என்றாள். கல்யாணம் நின்றது. அதற்குப் பிறகு பரீத் அவளோடு பேசவில்லை. நான் பேசினேன், ஒரே வீட்டில் வேறு என்ன செய்ய? பேச்சுக்குள் கத்தி இருந்தது. மறு வருஷம் என்னை ஆலுவாவில் ஒரு அரிசிக்கடைக்காரருக்குக் கட்டிக் கொடுத்தார்கள். நல்ல மனுஷர், அதில் குறை சொல்ல மாட்டேன்.

இப்போது பள்ளிவாசல் கேட்டுக்கு வருகிறேன். பெரியம்மா கேட்டதற்கு ஹஜ்ரத் தாடியைத் தடவிக்கொண்டே நின்றார். பிறகு, "கல்யாணத்தைத் தடுத்த பால், பயணத்துக்கும் துணைதான். தீர்ப்பை மாத்த எனக்கு அதிகாரமில்லை. அவன் அந்தம்மாவுக்கு மஹ்ரம்" என்றார்.

பெரியத்தாவுக்கு முகம் கறுத்தது. ஆனாலும் ஆள் சாமானியமா? மறு நிமிஷமே சிரித்தார்.

"செரி. அவன் இங்க வந்து, எல்லார் முன்னாடியும், இவங்க என் தாய், நான் கூட்டிட்டுப் போறேன்னு சொல்லட்டும். வர்ற வெள்ளிக்குள்ள சொன்னா முதல் ஆளா நானே ஒப்புக்கறேன். அதுக்குள்ள மனுவுக்கு நாளும் முடியுது."

பரீத் வரமாட்டான் என்பது அவருக்குத் தெரியும். ஊருக்கே தெரியும். அவனுக்கு வேலை கிடைக்காமல் செய்ததும் அவரேதான். வில்லைகள் அவன் இருக்கும் பக்கம் விழவே விழாது. அவன் சுள்ளிக்கல்லுக்குக் குடிபோய்க் கைவண்டி இழுத்துக்கொண்டிருந்தான்.

இரண்டாம் நாள் பெரியம்மா ஆலுவாவில் என் வீட்டுக்கு வந்து இறங்கினாள். ஹஜ்ஜுக்குப் போகிறவர்கள் வீடு வீடாகப் போய்ப் பொறுத்துக்கொள்ளச் சொல்லிக் கேட்பது வழக்கம். அடுத்தவர் மனக்குறையைச் சுமந்துகொண்டு அங்கே போகக் கூடாது.

"சகீலா, நான் உனக்குச் செஞ்ச தப்பு ஏதாவது இருந்தா பொறுத்துக்க."

"ஏதாவது இருந்தாவா?" என்றேன். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"சின்ன வயசுல உன்னை அடிச்சிருக்கேன். உன் அம்மா சுட்ட பலகாரத்தை ஒளிச்சு வச்சுக் கிடங்குப் பொண்ணுங்களுக்குக் கொடுத்திருக்கேன். அதெல்லாம் பொறுத்துக்க."

"அதுக்கு?"

எதற்கு என்று அவள் கேட்கவில்லை. "அதுக்குக் கேக்க மாட்டேன்" என்றாள்.

"ஒரு வார்த்தை பெரியம்மா! இல்லைன்னு ஒரு வார்த்தை!"

"சொல்லியிருந்தா நீ கூடப்பிறந்தவனோட குடும்பம் நடத்தியிருப்பே. நாளைக்குத் தீர்ப்பு நாள்ல மஹ்ஷர்ல நின்னு என்னைத் திட்டியிருப்பே. இப்ப ஆலுவாவுல நின்னு திட்டறே. இது தேவலை."

"முதல்லயே ஏன் சொல்லலை? நான் ஆசைப்படறதுக்கு முன்னாடி?"

"எனக்குத் தெரியாது மோளே. பால் என்னோடதுன்னுதான் நெனச்சேன். சொமந்தது நான், வலிச்சது எனக்கு. அதுலயும் உன் அத்தாவுக்குப் பங்கு இருக்குன்னு நான் எங்க கண்டேன்? தெரிஞ்சிருந்தா உன்னை அவன் நெழல்ல நிக்க விட்டிருப்பேனா?"

எனக்கு அழுகை வந்தது. பொறுத்தேன் என்று சொல்லவில்லை. சாயா போட்டுக் கொடுத்தேன். குடித்து முடித்துவிட்டு, "கெளம்பு, சுள்ளிக்கல்லுக்குப் போகணும்" என்றாள்.

"நான் எதுக்கு?"

"என்னைக் கண்டா அவன் கதவைச் சாத்துவான். நீ கூட நின்னா சாத்தறதுக்கு முன்னாடி ஒரு நிமிஷம் யோசிப்பான். அந்த ஒரு நிமிஷம் எனக்குப் போதும்."

இப்படி ஒரு அக்கிரமத்தை எங்கேயாவது கேட்டிருக்கிறீர்களா? என் வீட்டுக்காரர் உள்ளறையிலிருந்து கேட்டுக்கொண்டிருந்தவர் வெளியே வந்து, "போய்ட்டு வா சகீலா. உன் பெரியத்தாவை ஜெயிக்க விடாதே" என்றார். அவருக்கும் பெரியத்தாவைப் பிடிக்காது.

பரீத் வாசலில் வண்டிச் சக்கரத்துக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தான். முன்நெற்றி ஏறிவிட்டிருந்தது. அவன் மனைவி இடுப்பில் குழந்தையோடு கதவோரம் நின்றாள். எனக்கு நெஞ்சு அடித்துக்கொண்டது. பொய் சொல்வானேன்?

அவன் பெரியம்மாவைப் பார்த்தான், பிறகு என்னைப் பார்த்தான். எழுந்து உள்ளே போகப் போனவன் நின்றான்.

"எந்தா வேணும்?"

"நீ வேணும்" என்றாள் பெரியம்மா. பள்ளிவாசலில் நடந்ததைச் சொன்னாள்.

"யாரைக் கேட்டு என் பேரைச் சொன்னீங்க? அன்னைக்கு என்னைக் கேட்டா சாட்சி சொன்னீங்க? எனக்கு உங்க ஹஜ்ஜும் வேண்டா, அவங்க பள்ளியும் வேண்டா. போங்க."

"பால் கொடுத்ததுக்குக் கூலி கேட்டு வரலை பரீதே. கூலி கேக்கறதா இருந்தா நீ பல்லு மொளைச்ச அன்னைக்கே கேட்டிருப்பேன். நான் சொல்றதை மட்டும் கேளு. அன்னைக்கு உன்னை என் மகன்னு சொல்லி உன் கல்யாணத்தை வெட்டினாங்க. இன்னைக்கு மகன் இல்லேன்னு சொல்லி என் பயணத்தை வெட்டறாங்க. ரெண்டும் ஒரே ஆள். அவனுக்கு வேணும்ங்கறப்ப நீ மகன், வேண்டாங்கறப்ப அன்னியன். ரெண்டு வெட்டையும் வாங்கிட்டு நீ இங்க சக்கரத்துக்கு எண்ணெய் போட்டுட்டு இரு. கொடி பிடிச்சவனாம் கொடி!"

அவன் என் பக்கம் திரும்பினான். "சகீலா, நீ என்ன சொல்றே?"

"எனக்கு இவங்க மேல கோபம் தீரலை" என்றேன். "ஆனா பெரியத்தா மேல இருக்கிற கோபம் அதைவிடப் பெரிசு."

பரீத் சிரித்துவிட்டான். எத்தனையோ காலத்துக்கு அப்புறம் அந்தச் சிரிப்பைப் பார்த்தேன். அவன் மனைவியும் சிரித்தாள். அவள்தான் முதலில் சொன்னாள், "போய்ட்டு வாங்க. அந்த மூப்பன் மூஞ்சியை நானும் பார்க்கணும்" என்று. நல்ல பெண். அவளை வெறுக்க வேண்டும் என்று எனக்கு இருந்த எண்ணம் அன்றோடு போயிற்று.

வெள்ளிக்கிழமை பரீத் தலையில் கட்டிய சும்மாட்டுத் துணியோடு, வேலைக்குப் போகிற கோலத்தில்தான் வந்தான். ஹஜ்ரத் கேட்டார், அவன் சொன்னான்: "இவங்க எனக்குப் பால் கொடுத்த தாய். நான் கூட்டிட்டுப் போறேன். பத்திரமாக் கூட்டிட்டு வர்றேன்."

பெரியத்தா விடவில்லை. "தொழுகைப் பக்கம் எட்டிப் பார்க்காதவன் எல்லாம் ஹஜ்ஜுக்கா?"

"தொழ வந்தா முதல் வரிசையில உங்க முதுகு தெரியுது மூப்பா. அதுல எனக்கு மனசும் நிய்யத்தும் நிக்க மாட்டேங்குது. அங்க போனா உங்க முதுகு இருக்காதுல்ல."

ஹஜ்ரத் துண்டால் வாயை மூடிக்கொண்டார். பெரியத்தா கொடுத்த வாக்கை ஊர் முன்னால் விழுங்க முடியவில்லை. ஒப்புக்கொண்டார்.

பிறகு வீட்டில் ஒரே அமர்க்களம். நிலம் விற்ற பணம் இரண்டு பேருக்கும் போதுமாயிற்று. என் அம்மா அரிசியை வறுத்தாள், மாங்காயை உப்பில் போட்டாள், கருவாட்டை வெயிலில் காயவைத்துக் காக்கைகளோடு சண்டை போட்டாள். பெரியம்மா வெள்ளைத் துணி எடுத்துத் தனக்கு உடுப்புத் தைத்தாள், பரீதுக்கு ஹஜ்ஜில் உடுத்துகிற இஹ்ராம் துணி மடித்து வைத்தாள், மௌத்தானால் போர்த்துகிற கபன் துணியையும் மறக்கவில்லை. அம்மை ஊசி போடப் போன இடத்தில் பரீத் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டான். போலீஸ் தடிக்கு அசையாதவன் அவன்!

ஹஜ்ஜு வழி முழுக்கச் சொல்லுகிற தல்பியாவை மனப்பாடம் பண்ணுவதுதான் பெரும்பாடு. லப்பைக் என்று தொடங்குவாள், நடுவில் தடுக்கும். சுக்குப் புடைத்துக்கொண்டே நாள் முழுக்கச் சொல்லிப் பார்த்தாள். கிடங்குப் பெண்களில் ஒச்சம்மாள் என்று ஒருத்தி, காளியம்மனுக்குத் தீச்சட்டி எடுக்கிறவள். கேட்டுக் கேட்டு அவளுக்கு முதலில் மனப்பாடம் ஆகிவிட்டது. "அக்கா, அங்க ஒண்ணை முழுங்கிட்டீங்க, திரும்பச் சொல்லுங்க" என்று அவள்தான் பெரியம்மாவைத் திருத்தினாள். பரீத் திரும்பி வரும் வரை அவன் வீட்டு அடுப்பு அணையாமல் பார்த்துக்கொண்டதும் அந்தப் பெண்கள்தான்.

வழக்கப்படி பெரியத்தா வீட்டுக்கும் போனாள். "நான் உங்களுக்கு ஒரு தப்பும் செய்யலை மச்சான், அதனால பொறுத்துக்கச் சொல்லலை. நீங்க செஞ்சதைப் பொறுத்துட்டேன்னும் சொல்லலை. அது நான் திரும்பி வந்து யோசிக்கறேன். அஸ்ஸலாமு அலைக்கும்." சொல்லிவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் வந்தாள்.

அறுபத்தொன்றாம் வருஷம் சித்திரை வெயிலில் ரயிலேறி பம்பாய்க்குப் போய், அங்கிருந்து கப்பல். கடல் பயணம் முழுக்கப் பெரியம்மாவுக்குக் குமட்டல். கீழ்த்தட்டில் காற்றில்லை. பெண்கள் மேலே வரக்கூடாது என்று யாரோ ஒரு பெரியவர் தடுத்தாராம். "மேல வந்தா உங்க மேல வாந்தி எடுப்பேன், கீழ இருந்தா என் கூட்டாளிங்க மேல எடுப்பேன். நீங்களே சொல்லுங்க, எது நல்லது?" என்று கேட்டிருக்கிறாள். அதற்குப் பிறகு அந்தக் கீழ்த்தட்டுப் பெண்கள் எல்லோரும் இவளுக்குப் பின்னால் மேலே வந்து காற்று வாங்கினார்கள். வழியில் ஒரு கிழவர் மௌத்தாகிவிட்டார். ஜனாஸாத் தொழுகை முடித்துக் கடலில் இறக்கினார்கள். அப்போது பெரியம்மாவுக்குப் பயம் வந்ததாம். "என்னைக் கரையில போடுடா, மீனுக்குப் போடாதே" என்று பரீதிடம் சத்தியம் வாங்கிக்கொண்டாள். ஜித்தாவுக்கு முன்னால் கப்பல் சங்கு ஊதியது. ஆம்பளைகள் இரண்டு வெள்ளைத் துணிக்கு மாறினார்கள். தட்டு முழுக்க ஒரே குரலாக லப்பைக் எழுந்தது. பெரியம்மா ஒரு இடத்திலும் தடுக்காமல் சொன்னாள்.

கஅபாவைக் கண்டதும் என்ன செய்தாய் என்று நான் கேட்டேன். "ஒண்ணும் செய்யலை. வாயப் பொளந்துட்டு நின்னேன். கேக்கணும்னு நெனச்சதெல்லாம் மறந்துபோச்சு" என்றாள். கூட்டத்தில் பரீத் இரண்டு கையையும் வளைத்து அரண் போட, நடுவில் அவள் சுற்றி வந்தாள். மூட்டை சுமந்த கை, ஒருத்தனாலும் அசைக்க முடியவில்லை. மக்காவை அடுத்த மினாவில் வெயில் தாங்காமல் மயங்கி விழுந்தவளை அவன் முதுகில் தூக்கிக்கொண்டு நடந்தான். மயக்கம் தெளிந்து முதுகில் இருந்தபடியே அவள் சண்டை பிடித்தாளாம், 'என்னை எறக்கி விடு, நான் என்ன சுக்கு மூட்டையா?' என்று.

ஸஃபா, மர்வா என்ற இரண்டு குன்றுகளுக்கு நடுவில் ஓடினதைத்தான் அவள் திரும்பத் திரும்பச் சொல்வாள்.

"ஹாஜரா அம்மா தனியா ஓடினவங்க சகீலா. பாலைவனத்துல, ஒரு ஆம்பளை தொணை கிடையாது. தண்ணி இல்லாம மாருல பால் வத்திப்போய், புள்ள கத்துது, அதுக்காக ஓடினாங்க. இன்னைக்கு ராஜாவும் ஓடறான், முத்தவல்லியும் ஓடறான், அந்தம்மா கால் வச்ச எடத்துல. அங்க ஓடிட்டு இங்க வந்து பொம்பளை போகாதேன்னு சொல்றானுங்க. வெக்கங்கெட்டவனுங்க!"

பாதி ஓட்டத்தில் அவள் நின்றுவிட்டாள். பின்னால் வந்தவர்கள் இடித்துக்கொண்டு போனார்கள். இதை அவள் சொல்லவில்லை, பரீத்தான் பிறகு சொன்னான். அவள் அழுதாளாம். இறந்துபோன பிள்ளைக்காக அவள் அழுது அவனோ நானோ பார்த்ததே இல்லை. "அந்தம்மாவுக்குப் புள்ள இருந்துச்சு, பால் இல்ல. எனக்குப் பால் கட்டி வெடிச்சுது, குடிக்கப் புள்ள இல்ல. நான் உன்னைக் காப்பாத்தலைடா பரீதே. நீ வாய் வச்சுத்தான் நான் பொழச்சேன்" என்றாளாம். அவன் அவள் கையைப் பிடித்து, "வாங்க, ஓட்டம் பாக்கி இருக்கு" என்று கூட்டிக்கொண்டு போயிருக்கிறான்.

அவர்கள் திரும்பி வந்த அன்று கொச்சியில் நல்ல மழை. துறைமுகத் தீவிலுள்ள ஹார்பர் ஸ்டேஷனில் எங்கள் ஜமாத்தே கூடி நின்றது. யார் முன்னால் நின்றார் என்று நினைக்கிறீர்கள்? பெரியத்தாதான், கையில் ரோஜா மாலையோடு. ரயில் நின்றது. பெரியம்மா இறங்கினாள். பாதியாக இளைத்திருந்தாள், கறுத்திருந்தாள், கண் மட்டும் அப்படியே. "ஹஜ்ஜும்மா! நம்ம குடும்பத்துக்கே பெருமை" என்று பெரியத்தா மாலையை நீட்டினார். அவள் வாங்கி, போட்டுக்கொள்ளாமல் என் அம்மா கையில் கொடுத்தாள்.

அவளுக்குப் பின்னால் பரீத் மக்காவிலிருந்து கொண்டுவந்த ஜம்ஜம் தண்ணீர் டின்னை இழுத்து இறக்கிக்கொண்டிருந்தான். அவனுக்கு மாலை இல்லை. ஒருவரும் அவனை ஹாஜி என்று கூப்பிடவில்லை, ஸலாம்கூடச் சொல்லவில்லை. சுமை தூக்க வந்த கூலி என்றே நினைத்துக்கொண்டார்கள் போலிருக்கிறது. எனக்கு ரத்தம் கொதித்தது. கூட்டத்தை விலக்கிக்கொண்டு போய் டின்னின் ஒரு பக்கக் கைப்பிடியைப் பிடித்தேன். என் கை அவன் கையில் பட்டது.

"சகீலா!" பெரியத்தாவின் குரல். "என்ன காரியம் பண்றே? தள்ளி நில்லு. அன்னிய ஆம்பளை!"

பிளாட்பாரம் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. பெரியம்மா வாயைத் திறந்தாள், பிறகு என்னைப் பார்த்து மூடிக்கொண்டாள். என் முறை என்று விட்டுவிட்டாள் பாதகி. அந்த வார்த்தையை எட்டு வருஷமாக நான் பரீதைப் பார்த்துச் சொன்னதில்லை. மனசுக்குள்கூடச் சொன்னதில்லை. சொன்னால் எல்லாம் முடிந்துபோகும் என்று இருந்தேன்.

"அன்னிய ஆம்பளை யாரு பெரியத்தா?" என்றேன். "இவர் எங்க அண்ணன். ஹாஜி பரீத். ஸலாம் சொல்லுங்க."

பெரியத்தா சொல்லவில்லை. அவருக்குப் பின்னால் நின்ற ஹஜ்ரத் சொன்னார், பிறகு ஒவ்வொருவராகச் சொன்னார்கள். பரீத் பதில் ஸலாம் சொன்னான். என் பக்கம் பார்க்காமல், "கனம் உனக்குத் தாங்குமா?" என்று கேட்டான். அவன் கண் கலங்கியிருந்தது.

"தாங்கும் அண்ணா, தூக்குங்க" என்றேன்.